புயல் இல்லாத நாளில் கேமரா: ஆவணப்படம் பற்றி ஓர் எளிய அறிமுகம்

டிவியில் கடலூர் பெயர் வந்தாலே எங்கள் ஊர்க்காரர்களுக்கு வயிற்றைக் கலக்கும். 2004 டிசம்பர் 26 சுனாமி, 2011 டிசம்பர் 30 தானே புயல், 2015 வெள்ளம் என்று எங்கள் ஊர் திரையில் ஓடியதெல்லாம் அழுகைக் காலத்தில்தான். அந்த நாட்களில் தேவனாம்பட்டினத்திலும் முதுநகரிலும் தெருவுக்கு நாலு கேமரா நிற்கும். பத்து நாள் போனால் ஒன்றுகூட இருக்காது. அதற்கப்புறமும் அந்தத் தெருவில் பொழுது விடியும், பால்காரர் வருவார், பிள்ளைகள் பள்ளிக்கூடத்துக்கு ஓடுவார்கள், திண்ணையில் ஒருவர் கிழிந்த வலையைத் தைத்துக்கொண்டிருப்பார். அதை எடுக்க ஆள் வருவதில்லை.

ஆவணப்படம் என்றால் என்ன என்று கேட்பவர்களிடம் நான் இதிலிருந்துதான் தொடங்குவேன். செய்திக்காரர் புயல் அன்றைக்கு வருகிறார். ஆவணப்படக்காரர் ஒன்றும் நடக்காத ஒரு செவ்வாய்க்கிழமை வருகிறார். புதன்கிழமையும் வருகிறார். 'திரும்ப வந்துட்டியா தம்பி' என்று அந்தத் தெரு அலுத்துக்கொள்ளும்வரை வருகிறார்.

எனக்குச் சோறு போடுவது கல்யாண வீடியோ. கடலூர், பண்ருட்டி, புதுச்சேரி மண்டபங்களில் தாலி கட்டும் ஷாட்டுக்காக ஐயர் தோளுக்கு மேலே கேமராவைத் தூக்கிப் பிடித்தபடி பதினெட்டு வருடம் ஓடிவிட்டது. ஆவணப்படப் பைத்தியம் நடுவில் பிடித்தது. அதனால் சினிமாப் படிப்பு படித்தவர் சொல்வதுபோல வரிசையாக எதுவும் இங்கே வராது. கையைச் சுட்டுக்கொண்டு தெரிந்துகொண்டது மட்டும் வரும்.

சரி, கதைப்படத்துக்கும் ஆவணப்படத்துக்கும் என்ன வித்தியாசம்? 'அது பொய், இது உண்மை' என்று பலர் ஒரே வரியில் முடித்துவிடுவார்கள். அது அவ்வளவு சுலபமில்லை என்பதைக் கொஞ்சம் கழித்துப் பார்ப்போம். நான் வைத்திருக்கும் அளவுகோல் வேறு. கதைப்படத்தில் மீன்காரியாக வருபவர் 'பேக்கப்' சொன்னதும் மேக்கப்பைக் கலைத்துவிட்டு வேனில் ஏறிவிடுவார். ஆவணப்படத்தில் மீன் விற்பவர் நாம் கிளம்பிய பிறகும் அங்கேயேதான் மீன் விற்றுக்கொண்டிருப்பார். நாம் எடுத்த படத்தின் நல்லது கெட்டதை அவர்தான் அந்தத் தெருவில் சுமக்க வேண்டும். மற்ற வேறுபாடுகள் எல்லாம் இதற்கு அடுத்தபடிதான்.

ஆலை வாசல்

சினிமா பிறந்ததே அன்றாடத்தைப் பார்க்கத்தான். 1895இல் பிரான்சின் லியோன் நகரில் லூமியேர் சகோதரர்கள் தங்கள் தொழிற்சாலை வாசலுக்கு எதிரே கேமராவை வைத்தார்கள். கதவு திறக்கிறது, வேலை முடிந்த பெண்களும் ஆண்களும் வெளியே வருகிறார்கள், ஒரு நாய் குறுக்கே ஓடுகிறது, அவ்வளவுதான். ஒரு நிமிடம்கூட இல்லை. அந்த ஆண்டு டிசம்பர் 28 அன்று பாரிஸில் காசு கொடுத்து உட்கார்ந்த கூட்டம் இதைத்தான் முதலில் பார்த்தது.

புதுச்சேரிக்காரர்களுக்கு அந்தக் காட்சி அந்நியமாக இருக்காது. முதலியார்பேட்டையில் ரோடியர் மில் என்று ஊரே சொல்லும் ஏ.எஃப்.டி. ஆலை இருந்தது. சங்கு ஊதினால் சைக்கிள்களும் தூக்குச்சட்டிகளுமாக ஒரு கூட்டம் வாசலை நிறைத்துக்கொண்டு வெளியே வரும். 2020இல் அந்த ஆலையை மூடிவிட்டார்கள். 1980களில் யாராவது எதிர்ப்பக்கம் நின்று ஐந்தே நிமிடம் அந்த வாசலை எடுத்து வைத்திருந்தால் இன்றைக்கு அதன் மதிப்பே வேறு. வேட்டியை மடித்துக் கட்டியவர் யார், பேன்ட்டுக்கு மாறியவர் யார், பெண்கள் எத்தனை பேர், யார் யார் கூட்டாக நடந்தார்கள், வாசலில் என்ன விற்றது என்று எல்லாம் அதில் இருந்திருக்கும். ஆனால் தினமும் நடக்கிற ஒன்றை எடுத்து வைக்க வேண்டும் என்று யாருக்குத் தோன்றும்? எடுக்கிற காலத்தில் சப்பென்று இருப்பது முப்பது வருடம் கழித்துக் கண்ணில் ஒற்றிக்கொள்கிற மாதிரி ஆகிவிடுகிறது. கல்யாண வீடியோவிலும் இதுதான் நடக்கிறது. பழைய கேசட்டைப் போட்டால் மணமக்களை யாரும் பார்ப்பதில்லை. பந்தியில் உட்கார்ந்திருக்கும் செத்துப்போன தாத்தாவைத்தான் தேடுகிறார்கள்.

லூமியேர் எடுத்த அந்த வாசல் காட்சிக்கு மூன்று வடிவங்கள் உண்டு. ஒன்றில் குதிரை வண்டி வரும், இன்னொன்றில் இரண்டு குதிரைகள், மற்றொன்றில் குதிரையே கிடையாது. அதாவது ஒரு தடவை எடுத்துவிட்டு இன்னொரு நாளும் எடுத்திருக்கிறார்கள். உள்ளே இருந்தவர்கள் அத்தனை பேரும் அவர்களிடம் சம்பளம் வாங்குகிறவர்கள். உலகின் முதல் 'உள்ளதை உள்ளபடி' காட்சியிலேயே ரீடேக் இருக்கிறது!

அதைவிடப் பெரிய ரீடேக் 1922இல் வெளியான ஒரு படத்தில் இருக்கிறது. ராபர்ட் ஃப்ளாஹர்ட்டி என்ற அமெரிக்கர் கனடாவின் வடபகுதியில் இனுயிட் மக்களிடையே தங்கி 'நானூக் ஆஃப் தி நார்த்' எடுத்தார். பனிக்கட்டி வீட்டுக்குள் கேமராவை வைக்க இடமில்லை, வெளிச்சமும் இல்லை. அதனால் பாதி வீட்டை மட்டும் கட்டி, திறந்த பக்கத்திலிருந்து எடுத்தார்கள். நானூக்காக வந்தவரின் உண்மையான பெயர் அல்லகாரியல்லாக். அப்போதே அவர்கள் துப்பாக்கியால் வேட்டையாடப் பழகியிருந்தும் படத்துக்காகப் பழைய ஈட்டியை எடுத்துக்கொண்டார்கள். இதற்காக அந்தப் படத்தைத் திட்டுகிறவர்கள் உண்டு. எனக்கும் ஈட்டி விஷயத்தில் கோபம் உண்டு, பாதி வீட்டு விஷயத்தில் இல்லை. வெளிச்சத்துக்காகச் சுவரைத் திறப்பது வேறு, இல்லாத காலத்தை இருப்பதாகக் காட்டுவது வேறு. 'கொஞ்சம் இப்படி வெளிச்சத்துல உக்காருங்க அக்கா' என்று நானும்தான் சொல்கிறேன். 'ஸ்டவ்வ ஒளிச்சு வெச்சிட்டு விறகு அடுப்புல சமைங்க அக்கா, பாக்க நல்லாருக்கும்' என்று சொன்னால் அது களவு.

'டாக்குமெண்டரி' என்ற சொல்லை இந்த வகைப் படங்களோடு ஒட்டவைத்தவர் ஜான் கிரியர்சன் என்ற ஸ்காட்லாந்துக்காரர். 1926இல் ஃப்ளாஹர்ட்டியின் இன்னொரு படத்துக்கு எழுதிய விமர்சனத்தில் அதைப் பயன்படுத்தினார். நடப்பைக் கலைத்திறனோடு கையாள்வதுதான் ஆவணப்படம் என்பது பிறகு அவர் தந்த விளக்கம். நடப்பு வேண்டும், கையாளவும் வேண்டும். எது எவ்வளவு என்பதில்தான் இன்றைக்குவரை சண்டை.

யார் பேசுவது

ஐம்பது வயதைத் தாண்டியவர்களுக்கு ஆவணப்படம் என்றால் காதில் முதலில் விழுவது ஒரு கணீர்க் குரல். மத்திய அரசு 1948இல் தொடங்கிய ஃபிலிம்ஸ் டிவிஷன் எடுத்த செய்திப்படங்களையும் குறும்படங்களையும் தியேட்டரில் மெயின் படத்துக்கு முன்னால் போட்டே ஆகவேண்டும் என்று விதி இருந்தது. அணை கட்டுவார்கள், அம்மை ஊசி போடுவார்கள், எல்லாவற்றையும் ஒரே குரல் விளக்கும். அந்த நேரத்தில் ஆண்கள் பீடி பிடிக்க வெளியே போவார்கள். ஆவணப்படம் என்றால் கொட்டாவி என்று நம் ஊரில் பெயர் வாங்கியதில் அந்தக் குரலுக்குப் பெரிய பங்கு உண்டு.

அதை மட்டும் குறை சொல்லவும் முடியாது. அந்தக் காலத்துக் கேமராவில் பெரும்பாலும் படம் மட்டும்தான் பதிவாகும். ஒலியைத் தனிக் கருவியில் எடுத்து இரண்டையும் பொருத்த வேண்டும். கருவியோ ஓர் ஆள் தூக்கக்கூடியதாக இல்லை. தெருவில் நிற்கும் மீன்காரம்மா பேசுவதை நின்ற இடத்தில் எடுக்க வழியில்லாதபோது அவருக்காக வேறொருவர் பேசத்தான் செய்வார். 1960ஐ ஒட்டி, தோளில் வைக்கிற 16 எம்.எம். கேமராவும் அதோடு ஒத்து ஓடுகிற கையடக்க ஒலிப்பதிவுக் கருவியும் வந்ததும் கதை மாறியது. அமெரிக்காவில் சிலர் பேட்டியும் எடுக்காமல், விளக்கமும் சொல்லாமல், சுவரில் உட்கார்ந்த ஈ மாதிரி பார்த்துக்கொண்டே இருந்தார்கள். பிரான்சில் ழான் ரூஷும் எட்கர் மோரேனும் எதிர்த்திசையில் போனார்கள். நாம் வந்து நிற்பதாலேயே அங்கே ஏதோ மாறுகிறது, அதை ஏன் மறைக்க வேண்டும் என்று தாங்களே படத்துக்குள் வந்து கேள்வி கேட்டார்கள். 1961இல் வெளியான அவர்களுடைய 'ஒரு கோடைகாலக் குறிப்பேடு' படத்தின் கடைசியில், படத்தில் வந்தவர்களையே உட்காரவைத்துப் படத்தைப் போட்டுக் காட்டி, அவர்கள் அடிக்கிற விவாதத்தையும் எடுத்துச் சேர்த்திருக்கிறார்கள். இது பொய்யாக இருக்கிறது என்று சிலர் அதிலேயே சொல்கிறார்கள். அந்தத் தைரியம் எனக்கு இன்னும் வரவில்லை.

தமிழில் இந்தக் கணக்கு இன்னும் பழையது. ஏ.கே. செட்டியார் நாடு நாடாக அலைந்து, எங்கெங்கோ கிடந்த துண்டுப் படங்களைத் தேடிச் சேர்த்து, காந்தியைப் பற்றிய முழுநீள ஆவணப்படத்தை 1940இல் தமிழில் வெளியிட்டார். இப்போது நம் சட்டைப்பையில் படமும் ஒலியும் சேர்ந்து எடுக்கிற போன் கிடக்கிறது. அவர் பட்ட பாட்டை நினைத்தால் 'கேமரா இல்லை சார்' என்று சொல்ல வாய் கூசும்.

காக்கா வந்த நாற்பது விநாடி

என் முதல் படம் படுதோல்வி. துறைமுகத்துப் பக்கம் கருவாடு காயப்போடும் அக்கா ஒருவரை எடுத்தேன். கல்யாணப் புத்தி சும்மா இருக்குமா? ஸ்லோமோஷன், சூரியனுக்கு எதிரே நிழலுருவம், ட்ரோனில் கடற்கரை, பின்னால் புல்லாங்குழல். அக்காவை உட்காரவைத்து 'உங்க வாழ்க்கையில என்ன கஷ்டம்?' என்று கேட்டேன். சுனாமியிலிருந்து எத்தனை மைக்கைப் பார்த்தவர் அவர்! மைக்குக்கு என்ன வேண்டும் என்று அவருக்குத் தெரியும். அதை அப்படியே கொடுத்தார்.

22 நிமிடப் படத்தை அவர்கள் தெருவிலேயே வேட்டி கட்டித் திரையாக்கிப் போட்டேன். மூன்றாவது நிமிடம் பேச்சுச் சத்தம் தொடங்கியது. ஏழாவது நிமிடம் பாதிப் பேர் போனைப் பார்த்தார்கள். நான் ப்ரொஜெக்டருக்குப் பின்னால் ஒளிந்துகொள்ள இடம் தேடினேன். அப்போது பதினோராவது நிமிடத்தில் காக்கா வந்தது.

காட்சி இதுதான். கவிழ்த்துப் போட்ட பிளாஸ்டிக் கூடைமேல் அக்கா உட்கார்ந்திருக்கிறார். அவருக்குப் பின்னால் தார்ப்பாயில் நெத்திலி வெள்ளை வெளேர் என்று காய்கிறது. 'நெத்திலிக் கருவாடு இப்ப கிலோ...' என்று தொடங்குகிறார். பின்னால் ஒரு காக்கா இறங்குகிறது. அவருக்குத் தெரியாது, நமக்குத் தெரிகிறது. இரண்டு தத்து தத்துகிறது. அக்காவின் கண் கேமராவை விட்டு விலகுகிறது. காதால் கேட்டாரோ என்னவோ. 'அடச் சீ, நாசமாப் போவ!' என்று கொம்பை எடுத்துக்கொண்டு ஓடுகிறார். கேமராவில் வெறும் கூடை, பின்னால் கடல். 'கட் பண்ணிடவாண்ணே?' என்று என் உதவியாளன் கிசுகிசுப்பது கேட்கிறது. கொஞ்ச நேரம் ஒன்றுமில்லை. மூச்சு வாங்கியபடி அக்கா திரும்பி வந்து, முந்தானையைச் சரிசெய்துகொண்டு, அதே கூடையில் உட்கார்ந்து, '...முந்நூறு ரூபா' என்று வாக்கியத்தை முடிக்கிறார்.

தெரு விழுந்து விழுந்து சிரித்தது. 'இன்னொரு தபா போடு' என்று கத்தினார்கள். அக்காவே வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார். அந்த ஷாட்டை நான் வேண்டாதது என்று ஒதுக்கி வைத்திருந்தேன். எடிட் செய்த பையன் என்னிடம் கேட்காமல் உள்ளே போட்டிருக்கிறான். திட்டியிருப்பேன், வாய் வரவில்லை.

ஒரு வருடமாக அந்த நாற்பது விநாடியைப் போட்டுப் போட்டுப் பார்த்திருக்கிறேன். ஆவணப்படம் பார்ப்பவரை எப்படிப் பிடிக்கிறது என்பதற்கு என்னிடம் இருக்கும் பாடநூல் அதுதான்.

முதலில், அங்கே ஒரு கேள்வி இருக்கிறது. காக்கா கொத்துமா, அக்கா பிடிப்பாரா? மிகச் சின்னக் கேள்விதான். ஆனால் பதில் யாருக்கும் தெரியாது, எடுக்கிற எனக்கும் தெரியாது. 'மீனவப் பெண்களின் வாழ்வாதாரப் பிரச்சினைகள்' என்பது தலைப்பு, அதில் கேள்வி இல்லை. தலைப்பை யாரும் உட்கார்ந்து பார்ப்பதில்லை. அடுத்து என்ன ஆகும் என்பதைத்தான் பார்ப்பார்கள்.

இன்னொன்று, பார்ப்பவருக்கு அவரைவிடக் கொஞ்சம் முன்னாலேயே விஷயம் தெரிந்துவிடுகிறது. காக்கா இறங்கியதை நாம் பார்த்துவிட்டோம், அவர் பார்க்கவில்லை. 'ஏய், பின்னாடி பாரு!' என்று பார்ப்பவர் வாய்க்குள் கத்துகிறார். தெருக்கூத்தில் துரியோதனனுக்குத் தெரியாதது கூட்டத்துக்குத் தெரிந்திருக்கும்போது வருகிற பரபரப்பு இது. முகத்தை மட்டும் நெருக்கி க்ளோசப்பில் எடுத்திருந்தால் காக்காவும் இல்லை, தார்ப்பாயும் இல்லை, எதற்கு ஓடினார் என்றே புரிந்திருக்காது. அன்றைக்கு லென்ஸ் மாற்றச் சோம்பல்பட்டு அகலமாக வைத்திருந்தேன். தற்செயல்தான், ஒத்துக்கொள்கிறேன். வேலை செய்பவரை எடுக்கும்போது அவருடைய வேலையும் ஃப்ரேமுக்குள் இருக்க வேண்டும் என்பதை அதற்கப்புறம் விடுவதில்லை.

எல்லாவற்றையும்விட அந்த 'முந்நூறு ரூபா'தான் எனக்குப் பிடித்தது. ஓடிப்போய் வந்தும் வாக்கியம் அறுந்த இடத்தை மறக்காத மனுஷி. வருடக்கணக்கில் காக்காவுக்கும் வாடிக்கையாளருக்கும் நடுவில் பேசியே பழகியவர். அவருடைய உழைப்பைப் பற்றி நான் கேட்டு வாங்கிய பத்து நிமிடப் பேட்டி சொல்லாததை அந்த ஒரு சொல் சொல்லிவிட்டது. படம் முடிந்ததும் என்னிடம் ஒன்று சொன்னார்: 'நாத்தம் வரல பாரு தம்பி, அதான் எல்லாரும் உக்காந்து பாக்குறாங்க.'

காத்திருப்பது எப்படி

அதே அக்காவை மறுபடி எடுத்தேன். முதல் ஒரு வாரம் கேமராவே கொண்டுபோகவில்லை. விடியற்காலை ஏலம் நடக்கும் இடத்தில் நின்று, அவர் கூடை தூக்கும்போது ஒரு கை கொடுத்து, டீ வாங்கிக் கொடுத்து, வாங்கிக் குடித்து. இரண்டாம் வாரம் கேமரா கழுத்தில் தொங்கியது, ஓடவில்லை. ஓடத் தொடங்கியபோது யாரும் திரும்பிப் பார்க்கவில்லை. ஊர் நம்மைப் பார்த்துச் சலித்துப்போகும்வரை நாம் எடுப்பதெல்லாம் விருந்தாளிக்கு விரித்த பாய்தான்.

பிரெஞ்சு இயக்குநர் லூயி மால் 1968இல் இந்தியா முழுக்கச் சுற்றி எடுத்த தொலைக்காட்சித் தொடரின் முதல் பகுதிக்கு 'சாத்தியமில்லாத கேமரா' என்று பெயர் வைத்தார். போகிற இடமெல்லாம் கூட்டம் கேமராவை முறைத்துப் பார்க்கிறது. அவர் அந்தப் பார்வையை வெட்டாமல் படத்திலேயே விட்டுவிட்டார். மயிலாப்பூர்த் தேரும் அந்தத் தொடரில் உண்டு. அதை பி.பி.சி. ஒளிபரப்பியதும் வறுமையை மட்டும் காட்டுகிறார்கள் என்று இந்திய அரசு கொதித்து, 1970இல் தில்லி பி.பி.சி. அலுவலகத்தை மூடவைத்தது. கோபத்தில் நியாயம் இருந்ததா என்பது நீண்ட வழக்கு. எனக்குத் தோன்றுவது ஒன்றுதான்: சில மாதம் சுற்றியவரைப் பார்த்து ஊர் முறைக்கும். பக்கத்துத் தெருக்காரரைப் பார்த்து முறைக்காது. உங்கள் ஊரை நீங்கள் எடுப்பதில் இருக்கிற வசதி இது. ஆபத்தும் அதிலேயே இருக்கிறது, பழகிய கண்ணுக்குப் பாதி தெரியாது. கருவாட்டை மதியம் ஒரு தடவை புரட்டிப்போடுவார்கள் என்பதையே மூன்றாவது வாரம்தான் கவனித்தேன். அதற்கு முன்னால் ஆயிரம் தடவை அந்த வழியாகப் போயிருப்பேன்.

புதிதாக எடுப்பவர்கள் செய்கிற பெரிய தவறு சீக்கிரம் கேமராவை நிறுத்துவது. வேலை முடிந்ததும் நிறுத்திவிடுகிறார்கள். முடிந்த பிறகு முதுகை நிமிர்த்துவது, கையைக் கழுவுவது, யாரும் இல்லாத பக்கம் பார்த்து ஒரு பெருமூச்சு விடுவது, இதெல்லாம் அதற்கப்புறம்தான் வரும். இன்னும் பத்து விநாடி ஓடட்டும். ஒலியை அதைவிடக் கவனமாக எடுக்க வேண்டும். ஆட்டம் கண்ட படத்தைப் பொறுத்துக்கொள்கிறவர்கள் கேட்காத குரலைப் பொறுக்கமாட்டார்கள். எங்கள் கடற்கரையில் காற்று மைக்கைப் பிய்த்து எடுத்துவிடும். காலரில் குத்துகிற சின்ன மைக்கைத் தாவணிக்குள்ளோ சட்டைக்குள்ளோ மறைத்துக் குத்தினால் தப்பிக்கலாம். ஆள் பேசாதபோது அந்த இடத்தின் வெறும் ஓசையை இரண்டு நிமிடம் தனியாக எடுத்துவைத்துக்கொள்ளுங்கள். எடிட்டிங் மேசையில் அது சாம்பாருக்குப் பெருங்காயம் மாதிரி.

எடிட்டிங்கைப் பற்றி இந்த இடத்தில் நிறையச் சொல்லலாம், ஒன்றோடு நிறுத்திக்கொள்கிறேன். அக்கா சும்மா நிமிர்ந்து பார்க்கிற ஒரு ஷாட் இருக்கிறது. அதற்கு அடுத்தபடியாக ஐஸ் லாரி ஷாட்டைப் போட்டால் அவர் கவலையாகத் தெரிகிறார். பேரன் ஓடிவருகிற ஷாட்டைப் போட்டால் அதே முகம் பூரிக்கிறது. முகம் மாறவில்லை, நான் பக்கத்தில் வைத்ததுதான் மாறியது. அவர் நிமிர்ந்த அன்றைக்கு லாரியும் இல்லை, பேரனும் இல்லை. எதை வைப்பது நியாயம்? பொய்யான வரி ஒன்றுகூட இல்லாமல் பொய் சொல்லிவிடலாம், அதுதான் இந்த வேலையில் பயப்பட வேண்டிய இடம்.

அனுமதி என்பதும் ஒரு கையெழுத்தோடு முடிகிற காரியமில்லை. முதல் நாள் 'எடுத்துக்கோ தம்பி' என்றவர் ஒரு மாதம் கழித்து, 'என் மவன் அன்னிக்குக் குடிச்சிட்டு வந்து கத்துனான் பாரு, அத மட்டும் போட்டுறாத' என்றார். அது நல்ல காட்சி. நெஞ்சை அறுக்கிற காட்சி. படத்திலிருந்து நீக்கிவிட்டேன். கையில் கையெழுத்து இருந்தால் என்ன, அடுத்த நாள் அந்தத் தெருவில் நடக்க வேண்டியது அவர்.

நாலு படம்

பார்த்துப் பழக எங்கே தொடங்குவது? சொந்த ஊர்ப் படங்களிலிருந்தே தொடங்கலாம். கார்த்திகி கொன்சால்வ்ஸ் முதுமலையில் எடுத்த 'தி எலிஃபண்ட் விஸ்பரர்ஸ்' சுமார் 40 நிமிடம்தான். 2023இல் ஆஸ்கர் வாங்கியது என்பதை மறந்துவிட்டு, பொம்மனும் பெள்ளியும் அந்தக் குட்டியானைக்குச் சோறு ஊட்டுவதையும் குளிப்பாட்டுவதையும் பாருங்கள். வீட்டு வேலைதான். ஆனால் அடியில் ஒரு கேள்வி ஓடிக்கொண்டே இருக்கிறது: இந்தக் குட்டி பிழைக்குமா, பிழைத்தால் இவர்களிடமே இருக்குமா?

மதுரையைச் சேர்ந்த ஆர்.பி. அமுதன் 2003இல் எடுத்த 'பீ' இதற்கு நேர் எதிர். துப்புரவு வேலை செய்யும் ஒரு பெண்ணோடு கேமரா தெருவில் போகிறது. பார்க்கவே முடியாது, அதுதான் அந்தப் படத்தின் பிடி. அவர் தினமும் செய்வதை நம்மால் உட்கார்ந்து பார்க்கக்கூட முடியவில்லையே என்ற கூச்சம் நம்மை நகரவிடாது. சிரிக்கவைத்துத்தான் உட்காரவைக்க வேண்டும் என்று சட்டம் எதுவும் இல்லை.

கடற்கரைக்காரர்கள் ஆர்.வி. ரமணியின் 'மை கேமரா அண்ட் சுனாமி'யைத் தேடிப் பார்க்க வேண்டும். சுனாமியில் அழிந்துபோன தன் கேமராவைப் பற்றி அவர் எடுத்த படம். எத்தனையோ கேமராக்கள் அலையைக் காட்டின, இவர் அலைக்குப் போன கேமராவை நினைத்துக்கொள்கிறார். நாலாவதாக, அமெரிக்க இயக்குநர் ஃப்ரெடரிக் வைஸ்மன் எடுத்த எந்த ஆவணப்படமானாலும் சரி. பேட்டி இருக்காது, விளக்கும் குரல் இருக்காது, சேர்த்த பின்னணி இசையும் இருக்காது. முதல் அரைமணி நேரம் பொறுமை வேண்டும், அப்புறம் எழுந்திருக்க மனசு வராது.

இதையெல்லாம் பார்க்க நேரமில்லாதவர்கள் நாளைக்கு ஒரு வேலை செய்யுங்கள். தெருமுனை டீக்கடைக்காரரிடம் சொல்லிவிட்டு, போனை ஓர் இடத்தில் சாய்த்து வைத்து, பத்து நிமிடம் தொடாமல் எடுங்கள். வீட்டுக்கு வந்து பார்க்கும்போது உங்கள் கண் எங்கே போய் நிற்கிறது என்று கவனியுங்கள். டீ ஆற்றுகிற கையிலா, கடன் சொல்லிவிட்டுப் போகிறவர் முகத்திலா, அவர் போனதும் மாஸ்டர் விடுகிற பார்வையிலா? அங்கேதான் உங்கள் படம் இருக்கிறது.

காக்காக் காட்சியை அப்படியே வைத்துக்கொண்டு, இரண்டாவது தடவை எடுத்த படத்தைப் புதுச்சேரியில் ஒரு சின்ன அறையில் போட்டோம். முப்பது பேர் இருந்திருப்பார்கள், அக்காவையோ அந்தத் தெருவையோ தெரியாதவர்கள். காக்காவுக்கு இவர்களும் சிரித்தார்கள், ஆனால் தெரு சிரித்த மாதிரி இல்லை. தெருவுக்கு அது நம்ம அக்கா. இவர்களுக்கு அவர் யாரோ. பதிலாக, தெருவில் யாரும் கேட்காத ஒன்றை இவர்கள் கேட்டார்கள்: மீன்பிடித் தடைக்காலம் 61 நாளும் அவருக்கு மீன் எங்கிருந்து வருகிறது, அப்போது கருவாடு என்ன விலைக்குப் போகிறது? ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை விசைப்படகு கடலுக்குப் போகாது என்பது எங்கள் ஊரில் குழந்தைக்கும் தெரியும், அதனால் அதைப் படத்தில் சொல்லவே எனக்குத் தோன்றவில்லை. பிறகு அந்த மாதங்களில் போய் இன்னும் மூன்று நிமிடம் எடுத்துச் சேர்த்தேன்.

படத்தை வாட்ஸ்அப்பில் யாரோ சுற்றவிட்டுவிட்டார்கள். போன மாதம் அக்காவிடமிருந்து போன் வந்தது. எடுத்ததும் திட்டு. 'வர்றவங்கல்லாம் வீடியோவுல முந்நூறுதான சொன்னன்னு சண்டைக்கு வர்றாங்க தம்பி. இப்ப என்னா வெல விக்குதுன்னு உனக்குத் தெரியாதா? மாத்து அத.' வாயசைவை மாற்ற முடியாது, குரலை மாற்றினால் அது களவு. கடைசியில், அவர் மூச்சு வாங்கிக்கொண்டு திரும்பி வந்து உட்காருகிற இடத்தில், எடுத்த மாதத்தையும் வருடத்தையும் திரையின் அடியில் பெரிய எழுத்தில் போட்டேன். போட்டுக் காட்டினேன். 'இன்னும் கொஞ்சம் பெருசா போடு' என்றார்.